அல்வால் மொட்டை மாடியில் ஒரு மெக்சிகோ

சுட்ட இறைச்சி டாக்கோவுக்கு வேண்டிய எல்லாமே சிகந்திராபாத்தின் வடக்குக் கோடியில் கிடைக்கின்றன. கசாப்புக் கடையில் சரியான சொல்லும், சமையலறையில் கொஞ்சம் சுண்ணாம்பும் இருந்தால் போதும்.

ஞாயிற்றுக்கிழமை காலை. கரீம்நகர் செல்லும் ராஜீவ் ரகதாரியில் வாகனங்கள் இன்னும் முழு வேகம் பிடிக்கவில்லை. ஆனால் அல்வாலின் இறைச்சிக் கடைகளில் கத்திகள் எப்போதோ வேகம் பிடித்துவிட்டன. வரிசையில் நிற்பவர்கள் கேட்பதில் புதுமை ஒன்றும் இல்லை. பிரியாணிக்கு எலும்போடு, குழம்புக்குத் துண்டாக, வடைக்குக் கீமாவாக. இந்த வரிசையில் நின்றுகொண்டு ஒருவர் 'ஸ்கர்ட் ஸ்டேக்' என்று கேட்டால் ஓங்கிய கத்தி ஒரு கணம் அந்தரத்தில் நிற்கும்.

கேட்கிறவர்கள் இல்லாமல் இல்லை. டெக்சாஸிலோ கலிபோர்னியாவிலோ பிள்ளைகள் இருக்கும் வீடுகள் இங்கே அநேகம். விடுமுறைக்கு வரும் பேரப்பிள்ளைகள் பிரியாணிக்கு அடுத்தபடியாகக் கேட்பது டாக்கோ. உடனே வீட்டார் பெரிய கடைகளுக்கு ஓடி, படகுபோல் வளைந்த மொறுமொறு ஓடுகளையும் புட்டியில் அடைத்த சல்சாவையும் வாங்கி வருகிறார்கள். சாப்பிட்டு முடித்த பிறகு கேள்வி எழுகிறது: இவ்வளவு செலவழித்து, அப்பளத்தில் வைத்த பொரியலையா சாப்பிட்டோம்?

கேள்வி நியாயமானதுதான். அந்த மொறுமொறு ஓட்டை உலகெங்கும் பரப்பியவை அமெரிக்கத் தொழிற்சாலைகள். மெக்சிகோவின் தெருவோரங்களில் விற்கும் டாக்கோ பெரும்பாலும் மென்மையானது. உள்ளங்கை அளவு ரொட்டி, அதன்மேல் சுட்ட இறைச்சி, பொடியாக நறுக்கிய வெங்காயம், கொத்தமல்லி, ஒரு கரண்டி காரத் துவையல், எலுமிச்சைச் சாறு. அவ்வளவுதான். இதில் எது அல்வாலில் கிடைக்காது?

பதில் எதிர்பாராதது. எல்லாம் கிடைக்கும். கிடைக்காதது ஒரு செய்முறை மட்டும்.

கப்பலில் போனதும் வந்ததும்

'கார்னே அசாடா' என்றால் ஸ்பானிய மொழியில் சுட்ட இறைச்சி. மெக்சிகோவின் வடக்கு மாநிலங்களான சொனோராவிலும் நுவோ லியோனிலும் அது வெறும் பதார்த்தம் அல்ல, ஒரு சடங்கு. ஞாயிறன்று உறவும் நட்பும் கூடிக் கரி மூட்டினால் அந்தக் கூட்டத்துக்கே கார்னே அசாடா என்றுதான் பெயர்.

ஆனால் 1521-க்கு முன் அங்கே மாடே கிடையாது. ஸ்பானியர்கள் கப்பலில் கொண்டுபோய் இறக்கியவை மாடு, கோதுமை, பூண்டு, சீரகம், கொத்தமல்லி, எலுமிச்சை. எதிர்த்திசையில் வந்தவை மிளகாய், தக்காளி, மக்காச்சோளம், பப்பாளி. இந்தப் பண்டமாற்றில் போர்ச்சுகீசியர் கைக்கு வந்த மிளகாய் பதினாறாம் நூற்றாண்டில் இந்தியக் கரையேறியது. இன்று அல்வால் காய்கறிச் சந்தையில் ஒரு சுற்று வந்தால் கூடையில் பாதி மெக்சிகோவின் பிறந்த வீட்டுச் சீதனம். ஆக, டாக்கோ அந்நியப் பண்டம் என்று சொல்லப் புறப்பட்டால் தக்காளி ரசத்தையும் மிளகாய்ப் பொடியையும் சேர்த்தே தள்ளிவைக்க வேண்டியிருக்கும்.

எளியவர் வெட்டு

ஸ்கர்ட் எனப்படுவது மாட்டின் உதரவிதானத் தசை. நார் மிகுந்தது, பார்வைக்கு அழகற்றது. 1930-களில் தெற்கு டெக்சாஸின் பண்ணைகளில் மாடு அறுக்கப்பட்டபோது நல்ல துண்டங்கள் முதலாளிக்குப் போயின. தலை, குடல், தோல், இந்தத் தசை ஆகியவை மெக்சிகோ மாட்டுக்காரர்களுக்குக் கூலியின் ஒரு பகுதியாகக் கிடைத்தன. அவர்கள் அதை மெல்லியதாக வகிர்ந்து, கரியில் சுட்டு, குறுக்காக நறுக்கி, ரொட்டியில் சுற்றிச் சாப்பிட்டார்கள். 1980-களில் உணவகங்கள் இதைக் கண்டுகொண்டன. கூலியாகக் கொடுத்த துண்டத்தின் விலை கிடுகிடுவென ஏறியது.

ஹைதராபாத்துக்கு இந்தக் கதை புரியும். இங்கே ஆட்டிறைச்சி 'சோட்டே கா கோஷ்த்'. எருமை, காளை இறைச்சி 'படே கா கோஷ்த்'. பெயரில்தான் பெரியது, விலையிலும் மதிப்பிலும் சின்னது. பீதர் பக்கத்துக் கல்யாணியிலிருந்து வந்த நவாபுகளின் பெயரைத் தாங்கிய கல்யாணி பிரியாணி எருமை இறைச்சியில் செய்யப்படுவது. அதை ஏழைகளின் பிரியாணி என்றே ஊர் அழைக்கிறது.

மதிப்பு மட்டுமல்ல, சட்டமும் இதில் உண்டு. ஆந்திரப் பிரதேசத்தில் 1977-ல் வந்த பசுவதைத் தடை மற்றும் கால்நடைப் பாதுகாப்புச் சட்டம் தெலங்கானாவிலும் தொடர்கிறது. பசுவையும் கன்றுகளையும் அறுப்பதற்குத் தடை. எருமை, காளை என்றால் உழவுக்கோ பாலுக்கோ இனப்பெருக்கத்துக்கோ இனி பயன்படாது என்ற சான்றிதழ் வேண்டும். ஆகவே அமெரிக்கச் சமையல் புத்தகம் 'ஸ்டேக்' என்று சொல்லும் இடத்தில் அல்வால் சமையலறை எருமை என்றே வாசித்துக்கொள்ள வேண்டும்.

அதைச் சமைப்பதும் எல்லா வீட்டிலும் எளிதல்ல. 2012 ஏப்ரலில் உஸ்மானியா பல்கலைக்கழக வளாகத்தில் மாணவர்கள் மாட்டிறைச்சித் திருவிழா நடத்தியபோது மோதல் வெடித்தது. அது செய்தியானது. வீட்டுச் சொந்தக்காரர் என்ன நினைப்பாரோ என்று ஜன்னலைச் சாத்திக்கொண்டு சமைக்கும் வாடகைக் குடும்பங்கள் செய்தியாவதில்லை. படே கா வேண்டாம் என்பவர்களுக்கு ஆட்டுத் தொடை இருக்கிறது. அதில் மெக்சிகோவுக்கு ஆட்சேபம் இல்லை. நுவோ லியோனின் தலைநகரான மான்டெர்ரேயின் பெருமையே கரியில் சுட்ட ஆட்டுக்குட்டிதான்.

கசாப்புக் கடையில் சொல்ல வேண்டிய சொல் 'பசந்தே'. எலும்பில்லாத இறைச்சியை அகலமாக, மெல்லியதாக வகிர்ந்து தட்டித் தருவது. ஹைதராபாத் கத்திகள் தலைமுறைகளாக அறிந்த வெட்டு. தொடைப் பகுதியில் கேட்கலாம். கொஞ்சம் கூடுதல் விலை கொடுக்க முடிந்தால் 'அண்டர்கட்' என்ற இடுப்புத் தசையில் கேட்கலாம். தடிமன் அரை சென்டிமீட்டருக்கு மேல் போக வேண்டாம். அரைக் கிலோ வாங்கினால் நான்கைந்து பேருக்குப் போதும்.

ஊறலில் ஒரு பப்பாளி

எருமை இறைச்சியில் கொழுப்பு குறைவு. வயதான விலங்காக இருந்தால் தசை முறுக்கேறியிருக்கும். இதற்கு மருந்து பப்பாளிக் காய். அதன் பாலில் உள்ள பப்பைன் என்ற நொதி புரதத்தை அறுத்து இறைச்சியை மிருதுவாக்கும். மெக்சிகோவையும் மத்திய அமெரிக்காவையும் தாயகமாகக் கொண்ட இந்தக் காயை ஹைதராபாத் சமையல்காரர்கள் எப்போதோ தமதாக்கிக்கொண்டார்கள்.

அரைக் கிலோ இறைச்சிக்குத் தோலோடு அரைத்த பப்பாளிக் காய் விழுது ஒரு மேசைக்கரண்டி. பூண்டு ஆறு பல், வறுத்துப் பொடித்த சீரகம் ஒரு தேக்கரண்டி, இரண்டு எலுமிச்சையின் சாறு, அரை சாத்துக்குடியின் சாறு, எண்ணெய் இரண்டு மேசைக்கரண்டி, உப்பு. காய்ந்த மிளகாய் ஐந்தாறை வெந்நீரில் ஊறவைத்து அரைத்துச் சேர்க்க வேண்டும்.

எந்த மிளகாய் என்பது முக்கியம். மெக்சிகோவில் இதற்குப் பயன்படும் காய்ந்த மிளகாய்கள் நிறம் அதிகமும் காரம் குறைவுமானவை. குண்டூர் மிளகாயைப் போட்டால் வாய் வெந்துபோகும். வேறு சுவையே தெரியாது. அல்வாலுக்கு அருகிலேயே அதற்கு மாற்று விளைகிறது. தக்காளிபோல் பருத்துச் சிவந்த வாரங்கல் சப்பாட்டா மிளகாய், காரத்தைவிட நிறத்துக்கே பேர்பெற்றது. 2025-ல் அதற்குப் புவிசார் குறியீடும் கிடைத்தது. அது அகப்படாவிட்டால் பியாடகி மிளகாய்.

ஊறும் நேரம் ஒன்று முதல் இரண்டு மணி. இரவு முழுவதும் ஊறவைப்பது சிரத்தை போலத் தோன்றும். பப்பாளி இருக்கும்போது அது விபத்து. காலையில் பாத்திரத்தைத் திறந்தால் இறைச்சி இருக்காது, கூழ் இருக்கும்.

கல்லும் கரியும்

கரியில் சுடுவதுதான் முறை. ஆனால் தக்காணத்தில் இன்னொரு வழியும் உண்டு. ஹைதராபாத்தின் 'பத்தர் கா கோஷ்த்' கருங்கல் பலகையைக் கரி நெருப்பில் காயவைத்து அதன்மேல் இறைச்சியை வாட்டுவது. ஆறாவது நிஜாம் மீர் மஹபூப் அலி கான் வேட்டைக்குப் போன இடத்தில் கம்பிகளை எடுத்துவர மறந்ததால் சமையல்காரர்கள் கல்லைக் காயவைத்தார்கள் என்று கதை சொல்வார்கள். கதை எப்படியோ, வேலை ஒன்றுதான்: மெல்லிய இறைச்சி, கடும் சூடு, குறைந்த நேரம். கார்னே அசாடாவும் இதையே கேட்கிறது.

கல்லில் எச்சரிக்கை தேவை. ஈரம் ஊறிய கல் சூட்டில் வெடிக்கக்கூடும். சமையலறை மேடைக்கு விற்கும் மெருகேற்றிய பலகையும் ஆகாது. அதில் பிசின் ஏற்றியிருக்கலாம். நான்கைந்து சென்டிமீட்டர் கனமுள்ள, மெருகேற்றாத, நன்கு உலர்ந்த பலகையை மிதமான தணலில் தொடங்கி முக்கால் மணி நேரம் மெல்லக் காயவைக்க வேண்டும். கல் இல்லாதவர்களுக்குக் கரியடுப்பின்மேல் ஒரு கம்பிவலை போதும்.

கரி கொழுந்துவிட்டு எரியும்போது இறைச்சியை வைக்கக் கூடாது. மேலே சாம்பல் பூத்து, ஒரு சாண் உயரத்தில் நீட்டிய கையை இரண்டு மூன்று விநாடிக்குமேல் வைத்திருக்க முடியாத நிலையே பதம். ஒரு பக்கத்துக்கு இரண்டு நிமிடம். சிவப்பு போய், ஓரம் கருகத் தொடங்க வேண்டும். எடுத்து ஐந்து நிமிடம் ஆறவிட்டு, நார் ஓடும் திசையைப் பார்த்து, அதற்குக் குறுக்கே பொடியாக நறுக்க வேண்டும். மாட்டுக்காரர்கள் கற்ற சூட்சுமம் இந்தக் குறுக்கு வெட்டில்தான் இருக்கிறது. நாரோடு சேர்த்து நீளவாக்கில் வெட்டினால் பப்பாளியும் காப்பாற்றாது.

இந்த வேலைக்கு மொட்டை மாடியே இடம். கதவடைத்த அறைக்குள் கரி மூட்டினால் கார்பன் மோனாக்சைடு வாசனை காட்டாமல் உயிரை வாங்கிவிடும். மாடி இல்லாத அடுக்குமாடிக்காரர்கள் தோசைக்கல்லைப் புகையப் புகையக் காயவைத்து அதில் வாட்டலாம். பிறகு இறைச்சிக்கு நடுவே ஒரு சின்னக் கிண்ணத்தில் கனன்ற கரித்துண்டை வைத்து, நெய் ஒரு சொட்டு விட்டு, இரண்டு நிமிடம் மூடினால் புகை வாசம் ஏறும். ஹைதராபாத் சமையலில் இதற்கு 'துங்கார்' என்று பெயர்.

வராமல்போன சுண்ணாம்பு

இனி ரொட்டி. விடுபட்டுப்போன செய்முறை இங்கேதான் இருக்கிறது.

மக்காச்சோள மாவை வெந்நீர் விட்டுப் பிசைந்து தட்டிப் பார்த்தவர்களுக்குத் தெரியும்: விளிம்பு வெடிக்கும், மடித்தால் ஒடியும். மெக்சிகோ ரொட்டி ஒடிவதில்லை. காரணம், அவர்கள் மாவிலிருந்து தொடங்குவதில்லை. முழுத் தானியத்தைச் சுண்ணாம்பு நீரில் வேகவைத்து, இரவு முழுவதும் ஊறவிட்டு, கழுவி, ஈரமாக அரைக்கிறார்கள். சுண்ணாம்பு தானியத்தின் தோலைக் கரைத்து, மாவுக்கு ஒட்டும் தன்மை தருகிறது. ஆஸ்டெக்குகளின் நவாட்டில் மொழியில் சாம்பலையும் சுண்ணாம்பையும் குறிக்கும் சொல்லோடு சேர்ந்து 'நிஷ்டமால்' என்ற பெயர் பிறந்தது. கொலம்பஸுக்கு மிகமிக முந்தைய வழக்கம் இது.

மிருதுவுக்காக மட்டும் என்றால் விட்டுவிடலாம். மக்காச்சோளத்தில் உள்ள நியாசின் என்ற பி வைட்டமின் உடலுக்கு எட்டாதபடி கட்டுண்டு கிடக்கிறது. சுண்ணாம்பு அந்தக் கட்டை அவிழ்க்கிறது. ஐரோப்பியர்கள் தானியத்தைக் கொண்டுபோனார்கள். அதைச் சமைத்த பெண்களிடம் எப்படி என்று கேட்கவில்லை. விளைவு, பெல்லாக்ரா. தோல் வெடிப்பு, வயிற்றுப்போக்கு, புத்திக் குழப்பம், கடைசியில் மரணம். 1735-ல் ஸ்பெயினில் கஸ்பார் கசால் என்ற மருத்துவர் இதைப் பதிவுசெய்தார். பிறகு இத்தாலியிலும், இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் அமெரிக்காவின் தென் மாநிலங்களிலும் மக்காச்சோளத்தையே நம்பி வாழ்ந்த ஏழைகளை அது வாரிக்கொண்டுபோனது. நியாசின்தான் மருந்து என்று 1937-ல்தான் தெரிந்தது. மெக்சிகோவின் பாட்டிமார்கள் வைட்டமின் என்ற சொல்லே இல்லாத காலத்தில் பானைக்குள் சுண்ணாம்பைப் போட்டுவிட்டிருந்தார்கள்.

பெல்லாக்ராவின் கடைசி அத்தியாயங்களில் ஒன்று அல்வாலுக்கு வெகு அருகில் எழுதப்பட்டது. குன்னூரில் 1918-ல் தொடங்கிய ஆய்வுக்கூடம் 1958-ல் ஹைதராபாத்துக்கு இடம்பெயர்ந்து, பின்னர் தேசிய ஊட்டச்சத்து நிறுவனம் ஆனது. சேலத்தில் பிறந்த டாக்டர் சி. கோபாலனும் அவரது சகா ஸ்ரீகாந்தியாவும் ஒரு புதிரைக் கண்டார்கள். தக்காணத்தின் நோயாளிகள் மக்காச்சோளம் சாப்பிடுபவர்கள் அல்ல. ஜொன்ன ரொட்டி, அதாவது சோள ரொட்டி சாப்பிடும் ஏழைகள். சோளத்தில் மிகுந்துள்ள லூசின் என்ற அமினோ அமிலம் காரணமாக இருக்கலாம் என்று 1960-ல் 'லான்செட்' இதழில் அவர்கள் எழுதினார்கள். அந்த விளக்கம் நெடுங்காலம் விவாதிக்கப்பட்டது. ஆனால் ஒரே தானியத்தைத் தவிர வேறொன்றும் தட்டில் இல்லாத வறுமைதான் நோயின் வேர் என்பதில் யாருக்கும் விவாதம் இல்லை.

செய்முறைக்கு வருவோம். அல்வாலைத் தாண்டிப் போகும் ரயில் பாதை செல்லும் காமாரெட்டி, நிஜாமாபாத் பக்கமெல்லாம் மக்காச்சோளம் விளையும் பூமி. உணவுக்கென்று விற்கும் காய்ந்த தானியம் அரைக் கிலோ. கோழித் தீவனத்துக்கானது வேண்டாம், ஸ்வீட் கார்னும் உதவாது. தண்ணீர் ஒன்றரை லிட்டர். உணவுத் தரமுள்ள நீற்றுச் சுண்ணாம்புப் பொடி 5 கிராம். வெற்றிலைக்குத் தடவும் அதே சரக்குதான். சுவருக்கு அடிக்கும் சுண்ணாம்பையோ நீற்றாத சுண்ணாம்புக் கல்லையோ எண்ணிக்கூடப் பார்க்க வேண்டாம். எவர்சில்வர் பாத்திரம் வேண்டும். அலுமினியத்தைச் சுண்ணாம்பு அரித்துவிடும். முக்கால் மணி நேரம் மிதமான தீயில் வேகவைத்து மூடிவைத்தால், மறுநாள் காலை தோல் விரல்பட்டதும் வழுக்கிக்கொண்டு வரும். நான்கைந்து தண்ணீரில் அலசவேண்டும்.

அரைக்க மெக்சிகோவில் எரிமலைக் கல். தமிழ் வீடுகளில் கோயம்புத்தூர் கிரைண்டர். தண்ணீரைத் தெளித்துத் தெளித்துச் சிறுகச் சிறுக அரைத்தால் கெட்டியான, மண்வாசனை வீசும் மாவு கிடைக்கும். எலுமிச்சை அளவு உருண்டையை இரண்டு பிளாஸ்டிக் தாளுக்கு நடுவே வைத்து பூரி அழுத்தியில் ஒரு அழுத்து. காய்ந்த தோசைக்கல்லில் பக்கத்துக்கு ஒரு நிமிடம். கடைசித் திருப்பலில் லேசாக உப்பினால் பதம் சரி. சுமார் முப்பது ரொட்டிகள் தேறும். துணியில் சுற்றி மூடிவைத்தால் மணிக்கணக்கில் மிருதுவாக இருக்கும்.

இவ்வளவுக்கும் பொழுதில்லை என்பவர்கள் கூச்சப்படாமல் சப்பாத்தி இடலாம். கார்னே அசாடாவின் தாய்வீடான சொனோராவிலேயே அதைக் கோதுமை ரொட்டியில்தான் சுற்றுகிறார்கள். அந்தப் பெயரும் நமக்குப் புதிதல்ல. சி. சுப்பிரமணியம் உணவு அமைச்சராக இருந்த 1966-ல் 18,000 டன் மெக்சிகோ விதைக் கோதுமை இந்தியாவுக்கு வந்தது. அதில் ஒரு ரகம் சொனோரா 64. அதன் செந்நிற மணியில் செய்த சப்பாத்தி நம்மவர்களுக்குப் பிடிக்கவில்லை. எம்.எஸ். சுவாமிநாதனும் அவரது குழுவினரும் கதிர்வீச்சு கொடுத்து அதைப் பொன்னிறமாக மாற்றி 'ஷர்பதி சொனோரா' ஆக்கினார்கள். சப்பாத்தி டாக்கோ கலப்படம் என்று யாராவது சொன்னால் சொனோராவைக் காட்டலாம்.

தட்டுக்கு வரும் முன்

அதே நெருப்பில் நான்கு தக்காளி, மூன்று பச்சை மிளகாய், பாதி வெங்காயம், தோலோடு இரண்டு பல் பூண்டு. தோல் கருகும்வரை சுட்டு, பூண்டை உரித்து, உப்பு சேர்த்து அம்மியில் கரகரப்பாக நசுக்கினால் சல்சா. தெலங்கானாக்காரர் இதை டமாட்டா பச்சடிக்கு உறவு என்பார். தமிழர் சுட்ட தக்காளித் துவையல் என்பார். இரண்டும் சரி. பழனிமலைச் சரிவுகளிலும் குடகிலும் விளையும் வெண்ணெய்ப் பழம் கிடைத்தால் உப்பும் எலுமிச்சையும் விட்டு மசித்து வைக்கலாம். இல்லாவிட்டால் குறைவொன்றும் இல்லை.

ரொட்டி சூடாக, இறைச்சி சூடாக, மேலே வெங்காயமும் கொத்தமல்லியும், கடைசியாக எலுமிச்சை. தட்டும் கரண்டியும் தேவையில்லை. இரண்டு கடியில் ஒன்று முடிந்துவிட வேண்டும்.

நண்பகல். கரி தணிந்துவிட்டது, கல் இன்னும் சுடுகிறது. பேரன் நான்காவதைக் கையில் எடுத்தால், பாட்டி வெற்றிலைப் பெட்டியைத் திறந்தால், இரண்டிலும் இருப்பது ஒரே சுண்ணாம்பு. மிளகாயும் தக்காளியும் மக்காச்சோளமும் கடல் கடந்து எப்போதோ வந்து சேர்ந்துவிட்டன. பானைக்குள் என்ன போடவேண்டும் என்று அறிந்திருந்த பெண்களின் அறிவு மட்டும் கப்பலேறவில்லை. அது இப்போது அல்வாலில் ஏதாவது ஒரு மொட்டை மாடிக்கு வந்து சேர்ந்தால், தாமதமாக வந்தாலும் விருந்தாளிதான்.